மிராய்னா அதிசயம் இல்லீங்க

அம்மாபேட்டை பக்கம் ஃபேமிலி குரூப்புல எல்லாம் 'அதிசயம்னு அர்த்தம் வர்ற பாப்பா பேருங்க'ன்னு ஒரு பார்வர்டு சுத்துது, அதுல மிராய்னா ஜப்பான்ல அதிசயமாம். இல்லீங்க, மிராய்னா எதிர்காலம், அதிசயத்துக்கு அங்க கிசேகி, எந்த ஜப்பானிய அகராதியிலயும் பாத்துக்கலாம். கொரியால மிரே கூட எதிர்காலந்தான். மிராக்கிள் மாதிரி காதுல விழவும் யாரோ சேத்துட்டாங்க போல. லிஸ்டுல மிலாக்ரோஸ் சரி, ஸ்பானிஷ்ல அதிசயங்கள்னு பன்மைல வரும், மாதா பேர வெச்சு வந்தது. கரிஷ்மாவும் ஓகே.

என் தங்கச்சி செவ்வாப்பேட்டைல வெள்ளி டாலருக்கு மிராய்னு பொறிக்கச் சொல்லி அட்வான்ஸே குடுத்துட்டு வந்துட்டா, பரவால்ல எதிர்காலமும் நல்ல பேர்தான்.

அப்புறம் 21 நாளுக்குள்ள பேர் வெக்கணும்னு கடைசில போட்டிருக்காங்க, அது பிறப்பப் பதியற கெடுங்க, பேர 12 மாசம் வரைக்கும் ஃபீஸ் இல்லாம சேக்கலாம், மாநகராட்சி ஆபீஸ்லயே கேட்டுக்கோங்க. இதுக்கு மேல அத பார்வர்டு பண்ணாதீங்க.