கட்சி ஓரங்கட்டியது, மக்கள் விடவில்லை

விகிதாசாரத் தேர்தல், அதாவது கட்சி வாங்கிய ஓட்டுக்கு ஏற்ப இடங்களைப் பிரித்துக் கொடுக்கும் முறை என்று பேச்செடுத்தாலே ஒரு பயம் சொல்வார்கள். கட்சி தயாரிக்கிற பட்டியலில் பெயர் மேலே இருந்தால் பதவி, கீழே தள்ளினால் ஆள் காலி. பயம் நியாயமானதுதான். ஆனால் ஸ்காட்லாந்தில் மார்கோ மெக்டொனால்டிடம் இந்த வேலை பலிக்கவில்லை.

மார்கோ புதுமுகம் இல்லை. உடற்பயிற்சி ஆசிரியையாக இருந்தவர், 1973-ல் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்துக்கான இடைத்தேர்தலில் கிளாஸ்கோவின் கோவன் தொகுதியில் நின்றார். கப்பல் கட்டும் தொழிலாளர்களின் பகுதி, தொழிற்கட்சியின் கோட்டை. ஸ்காட்டிஷ் தேசியக் கட்சிக்காக அதை 571 ஓட்டு வித்தியாசத்தில் பிடித்தார். அப்போது வயது 30. பத்திரிகைகள் அவர் அரசியலை விட்டுவிட்டுத் தலைமுடியின் நிறத்தைப் பற்றி எழுதின (எந்த ஊரானாலும் இது மாறாது போல). சில மாதங்களிலேயே பொதுத்தேர்தல் வந்து தோற்றார். கட்சியின் துணைத் தலைவரானார், 1982-ல் சண்டை போட்டு வெளியேறினார், வானொலி, டிவி என்று போனார், பிறகு திரும்பி வந்தார். 1999-ல் ஸ்காட்லாந்து நாடாளுமன்றம் அமைந்தபோது உறுப்பினர்.

அடுத்த தேர்தல் 2003. எடின்பரோவை உள்ளடக்கிய லோதியன்ஸ் மண்டலத்தில் எல்லாக் கட்சிக்கும் சேர்த்தே பட்டியல் இடங்கள் 7தான். கட்சி மார்கோவுக்குக் கொடுத்தது ஐந்தாம் இடம். வீட்டுக்குப் போங்கள் என்பதைத்தான் நாகரிகமாகச் சொன்னார்கள். அவருக்குப் பார்கின்சன் நோய் இருப்பதும் அந்தச் சமயத்தில்தான் வெளியே வந்தது.

அவர் சுயேச்சையாக நின்றார். கட்சி நீக்கியது. அங்கே ஆளுக்கு இரண்டு ஓட்டு: ஒன்று தொகுதிக்கு, ஒன்று மண்டலப் பட்டியலுக்கு. தொகுதியில் தன் கட்சிக்குப் போட்டுவிட்டு, பட்டியலில் மார்கோவுக்குப் போடலாம், மனசாட்சி உறுத்தாது. தொகுதிகளில் ஏற்கெனவே ஜெயித்த கட்சிகளின் பட்டியல் ஓட்டைக் கணக்கில் வகுத்துக் குறைப்பார்கள். தனி ஆளான மார்கோவின் ஓட்டு குறையாமல் நின்றது. 27 ஆயிரத்துக்கும் மேல் வாங்கி ஜெயித்தார். 2007-லும் 2011-லும் மறுபடி.

கொறடா இல்லாத அந்த இருக்கையிலிருந்துதான், தீராத நோயில் இருப்பவர்கள் தாங்களே விரும்பினால் உயிர்விட உதவி கேட்கலாம் என்ற மசோதாவைக் கொண்டுவந்தார். எனக்கு அதில் முழு உடன்பாடு இல்லை. ‘பிள்ளைகளுக்குப் பாரமாக இருக்கிறோமே’ என்று மருகும் வயதானவர்களிடம் அந்த உரிமை எப்படிப் போய்ச் சேரும் என்ற கவலை உண்டு. ஆனால் தன் உடம்பில் இருக்கும் நோயைச் சொல்லியே வாதாடிய ஒருவரைக் கொள்கை விளக்கம் கொடுத்து மடக்க முடியாது. 2010 டிசம்பரில் ஆதரவு 16, எதிர்ப்பு 85. அசராமல் 2013-ல் இன்னொரு மசோதா. அது வாக்கெடுப்புக்கு வருமுன், 2014 ஏப்ரலில், 70 வயதில் இறந்துபோனார். வாழ்நாள் முழுக்கக் கேட்ட ஸ்காட்லாந்து சுதந்திரத்துக்கான பொதுவாக்கெடுப்புக்கு இன்னும் ஐந்து மாதம் இருந்தது. மசோதாவைப் பசுமைக் கட்சியின் பேட்ரிக் ஹார்வி ஏற்று நடத்தினார். 2015-ல் 36க்கு 82 என்று தோற்றது.

இந்த முறையில் எனக்குப் பிடிக்காத இடமும் மார்கோவால்தான் தெரிந்தது. பட்டியல் உறுப்பினர் இறந்தால் அதே பட்டியலில் அடுத்தவர் வருவார். சுயேச்சைக்கு அடுத்தவர் ஏது? 2016 தேர்தல் வரை அந்த இடத்தைக் காலியாகவே விட்டுவிட்டார்கள். கட்சிக்காரர் இறந்தால் ஆள் வருவார், மக்கள் தாங்களாகத் தேர்ந்தெடுத்தவர் இறந்தால் வரமாட்டார் என்பது என்ன நியாயம்? மண்டலம் முழுக்க ஓர் இடைத்தேர்தல் வைத்தால் செலவுதான், வைத்திருக்க வேண்டும்.