மரக்கன்று இருக்கட்டும், டேங்க்கைக் காட்டுங்க

நேத்து ராத்திரியிலிருந்து அந்தப் படத்தை ஆளாளுக்கு ஷேர் பண்ணிட்டு இருக்கீங்க. ஆயுத ஆலையில மரம் நட்ட படம்தான். வேப்பங்கன்று, மண் ஒட்டாத புது மண்வெட்டி, வெள்ளைக் கையுறை, பின்னாடி "பசுமைப் பாதுகாப்பு உற்பத்தி"ன்னு பேனர். அதுக்குக் கீழே நான் ஒரே ஒரு கேள்விதான் கேட்டேன்: "உங்க குரோம் ரின்ஸ் தண்ணி, அதாவது குரோம் பூச்சு போட்ட சாமானைக் கழுவுற தண்ணி, எங்க போகுது?" வந்த பதில்களைத்தான் எல்லாரும் பார்த்தீங்களே. நாலு பேர் தேசத்துரோகின்னாங்க. ஒருத்தர் ரொம்பப் பணிவா, "அண்ணே, நல்லது நடக்கும்போதும் குறை சொல்லணுமா"ன்னார். தண்ணி எங்க போகுதுன்னு மட்டும் யாரும் சொல்லல.

சரி, சம்பந்தமில்லாம கேட்டேன்னு சொன்னவங்களுக்காகக் கொஞ்சம் விளக்கமாவே எழுதிடறேன்.

துப்பாக்கி, பீரங்கிக் குழலோட உள்பக்கம் பளபளன்னு இருக்கிறது ஹார்டு குரோம் பூச்சு. வெடிமருந்துச் சூட்டுல குழல் சீக்கிரம் அரிச்சுப் போகாம இருக்கத்தான் அது. பூச்சு போடுற தொட்டியைத்தான் டேங்க்னு சொல்றேன். அதுல லிட்டருக்குச் சுமார் 250 கிராம் குரோமிக் ஆசிட் இருக்கும், அதுல நூத்துல ஒரு பங்கு சல்ஃபியூரிக் ஆசிட், சூடு 50 முதல் 55 டிகிரி. விடுற கரண்ட்ல 10 முதல் 20 சதவீதம்தான் குரோமா படியும். மிச்சத்துல பெரும்பகுதி ஹைட்ரஜன் குமிழியாப் போகும். ஒவ்வொரு குமிழியும் மேல வந்து உடையும்போது ஹெக்ஸாவேலன்ட் குரோமியத்தைப் பொடிச் சாரலா காத்துல தூக்கிவிடும். நுரையீரல் புற்றுநோய் வரவைக்கிற சாமான் அது. வருஷக்கணக்கா டேங்க் ஓரம் நின்னவங்களுக்கு மூக்கு நடுச்சவ்வுல ஓட்டை விழுறதும் உண்டு. அமெரிக்காவுல தொழிலாளி சுவாசிக்கிற காத்துக்கு 2006-ல் வச்ச வரம்பு கன மீட்டருக்கு 5 மைக்ரோகிராம். கிராம் இல்ல, மில்லிகிராம் இல்ல, மைக்ரோகிராம்.

இது காத்து. இனி தண்ணி. ஜாப்பை, அதாவது பூச்சு போடுற சாமானை, டேங்க்ல இருந்து தூக்கும்போது மேல ஒட்டிக்கிட்டு வர்ற கரைசலை டிராக்-அவுட்னு சொல்வோம். டேங்க்குக்கு மேலயே அரை நிமிஷம் தொங்கவிட்டு வடியவிட்டா அதுல பெரும்பகுதி டேங்க்குக்கே திரும்பிடும். அரை நிமிஷம்தான். ஆனா ஷிஃப்டுக்கு இத்தனை ராக் (ஜாப் மாட்டுற சட்டம்)னு கணக்கு வச்சிருக்கிற இடத்துல அந்த அரை நிமிஷத்தை யார் குடுப்பா? சொட்டச் சொட்டத் தூக்கி ரின்ஸ்ல போட்டுட்டுப் போயிடுவாங்க. அந்த ரின்ஸ் தண்ணிதான் நான் கேட்டது.

அதைச் சுத்தம் பண்ற முறை ஒண்ணும் ராணுவ ரகசியம் இல்ல. முதல்ல ஆசிட் விட்டு, அமில அளவைக் காட்டுற பி.எச்.சை 2-க்கும் 3-க்கும் நடுவுல இறக்கணும். சோடியம் மெட்டாபைசல்ஃபைட் போடணும். ஹெக்ஸாவேலன்ட் குரோமியம் இருக்கிற மஞ்சள் தண்ணி நீலப்பச்சைக்கு மாறும். மாறின பிறகு சுண்ணாம்பு போட்டு 8, 9-க்கு ஏத்தினா குரோமியம் ஹைட்ராக்சைடா அடியில உக்காரும். அதை ஃபில்டர் பிரஸ்ல பிழிஞ்சா பச்சைக் கேக்காக் கிடைக்கும். எங்க சொதப்பும்? ஆசிட்டை மிச்சம் பிடிக்கிறேன்னு பி.எச். 4, 5-லேயே நிறுத்திடுவாங்க. அங்க வினை ஆமை வேகத்துல போகும். மஞ்சள் முழுசா மாறுறதுக்குள்ள சுண்ணாம்பைக் கொட்டிடுவாங்க. ஹெக்ஸாவேலன்ட் குரோமியம் சுண்ணாம்புக்கு மசியாது, பிரஸ் துணியைத் தாண்டித் தெளிஞ்ச தண்ணியோடயே வெளிய போயிடும். இன்னொரு பக்கம், சுண்ணாம்பு கை தவறிப் பி.எச். 10-ஐத் தாண்டினா உக்கார்ந்த குரோமியமும் மறுபடி கரைய ஆரம்பிச்சிடும். இதெல்லாம் போதாதுன்னு பக்கத்துலயே காட்மியம் லைன் இருக்கும். போல்ட்டு, ஃபாஸ்டனருக்கெல்லாம் அதுதான் பூச்சு, அந்த டேங்க் கரைசல் (பாத்) சயனைடு. அந்த வடிகாலும் குரோம் ஆசிட் வடிகாலும் ஒரே குழியில சேர்ந்தா ஹைட்ரஜன் சயனைடு வாயு கிளம்பும். அதனாலதான் ரெண்டு லைனுக்கும் ரெண்டு வாய்க்கால், ரெண்டு குழி. ஆடிட் வர்ற அன்னைக்கு மட்டும் நல்ல தண்ணி வால்வைத் திறந்துவிட்டு அளவைக் குறைச்சுக் காட்டுற வித்தையும் இந்தத் தொழில்ல உண்டு. யாரைச் சொல்றேன்னு கேக்காதீங்க. செய்யறவங்களுக்குத் தெரியும்.

இப்ப சொல்லுங்க, வேப்பங்கன்று இதுல எந்த இடத்துல வருது?

"மரம் நடுறதும் நல்லதுதானே." ஆமா, நல்லதுதான். நடுங்க. தண்ணியும் ஊத்துங்க. எந்தத் தண்ணின்னு மட்டும் பார்த்து ஊத்துங்க.

"ஆளைக் கொல்ற சாமானுக்கு என்னய்யா பசுமை, இதுவே கேலிக்கூத்து"ன்னு எழுதினவங்க இன்னொரு கூட்டம். இவங்க மேல எனக்குக் கோபம் கிடையாது, வருத்தம்தான். ஏன்னா அந்த வாக்கியம் கேக்க நல்லாருக்கும், யாருக்கும் வேலை வைக்காது. ஆயுதமே வேண்டாம்னு நீங்க போராடுங்க, நானும் வர்றேன். ஆனா அதுவரைக்கும் டேங்க் ஓடிட்டே இருக்குமே? பீரங்கி ஷெல் ஒரு தடவை வெடிக்கும், இல்ல கிடங்குலயே கிடந்து காலாவதியாகும். அதைச் செஞ்ச இடத்து மண்ணு எந்தப் போரும் இல்லாமலே வருஷக்கணக்கா அடி வாங்குது. ராணிப்பேட்டையில மூடிக்கிடக்கிற குரோமேட் ஆலையைப் பாருங்க. அது ஆயுத ஆலை இல்ல, ஆனா இதே ஹெக்ஸாவேலன்ட் குரோமியம்தான். ஆலை மூடிப் பல வருஷம் ஆச்சு, லட்சம் டன்னுக்கு மேல கழிவு அங்கேயே குவிஞ்சு கிடந்தது. மழை பெஞ்சா மஞ்சளா ஓடும். அந்தப் பக்கத்துக் கிணத்துக்காரங்ககிட்ட போய் "இது கேலிக்கூத்து"ன்னு சொல்லிப் பாருங்க.

பசுமைன்னு பேர் வச்சாலே பசுமை ஆயிடாதுங்கிறதுக்கு இந்தத் துறையிலயே உதாரணம் கொட்டிக் கிடக்கு. அமெரிக்காவுல மாசசூசெட்ஸ்ல கேம்ப் எட்வர்ட்ஸ்னு பயிற்சி முகாம். அந்த வட்டாரத்துக்கே குடிதண்ணி அதுக்கு அடியில இருக்கிற நிலத்தடி நீர்தான். ஈயத் தோட்டா ஈயத்தை மண்ணுல விடுதுன்னு 1997-ல் நிறுத்தச் சொன்னாங்க. பதிலுக்கு டங்ஸ்டனும் நைலானும் கலந்த தோட்டா வந்தது. "பச்சைத் தோட்டா"ன்னு பேரு. டங்ஸ்டன் தண்ணியில கரையாதுன்னு நம்பினாங்க. கரைஞ்சது. நிலத்தடி நீர்லயே டங்ஸ்டன் தென்பட்டு, 2006-ல் அதையும் நிறுத்த வேண்டியதாச்சு. நார்வேயில ஈயமில்லாத தோட்டாவைச் சுட்ட வீரர்களுக்குக் காய்ச்சலும் நடுக்கமும் வந்தது. ஈயத்தை எடுத்தாச்சு, செம்பும் துத்தநாகமும் புகையா மூக்குல ஏறிடுச்சு.

டி.என்.டி.ங்கிற வெடிமருந்தோட கதை இன்னும் மோசம். ஷெல்லுக்குள்ள உருக்கி ஊத்துற இடத்தைக் கழுவுற தண்ணி வெயில் பட்டா இளஞ்சிவப்பா மாறும். பிங்க் வாட்டர்னுதான் பேரே. அதைக் கரித்தூண், அதாவது கரி நிரப்பின குழாய், வழியா விட்டா டி.என்.டி.யைக் கரி பிடிச்சுக்கும். ரெண்டு தூணை வரிசையா வச்சு, முதல் தூணைத் தாண்டி டி.என்.டி. கசிய ஆரம்பிச்சதும் கரியை மாத்தணும். மாத்துன கரி வெடிமருந்து ஊறின கரி, அதுவும் அபாயக் கழிவுதான். இது சமாளிக்கக்கூடியது. டி.என்.டி.யைத் தயாரிச்சுச் சுத்திகரிக்கும்போது வர்ற ரெட் வாட்டர் இருக்கே, அதுதான் பெரிய தலைவலி. அமெரிக்கா 1986-ல் ராட்ஃபோர்டு ஆலையில டி.என்.டி. தயாரிக்கிறதை நிறுத்தினதுக்கு அந்தக் கழிவும் ஒரு காரணம். நிறுத்திட்டு? போலந்துல இருந்தெல்லாம் வாங்கிக்கிச்சு. சிவப்புத் தண்ணி உலகத்துல குறையல, நாடு மட்டும் மாறிச்சு. 2024-ல் கென்டக்கியில புது ஆலைக்கு ஒப்பந்தம் போட்டிருக்காங்க, இனி அந்தச் சிவப்புத் தண்ணியும் ஊருக்குத் திரும்பலாம்.

டி.என்.டி.க்குப் பதிலா ஐ.எம்.எக்ஸ்-101 வந்தது. நெருப்புல மாட்டினாலும் சட்டுன்னு வெடிக்காது, அந்த வகையில நல்ல சாமான். ஆனா அதுல இருக்கிற என்.டி.ஓ.ங்கிற பொருள் டி.என்.டி.யை விட நூறு மடங்குக்கு மேல தண்ணியில கரையும், கரியிலயும் சரியா ஒட்டாது. பழைய கரித்தூணை வச்சுக்கிட்டு புது மருந்து ஓட்ட முடியாது. ஒண்ணை மாத்தினா ஈடிபியையும் (கழிவுநீர் சுத்திகரிப்பு நிலையத்தையும்) மாத்தணும். இந்த ஒரு வரி புரிஞ்சவங்களுக்கு என் கோபமும் புரியும்.

மாற்றே இல்லன்னும் சொல்லல. விமானத்தோட லேண்டிங் கியர்ல குரோமுக்குப் பதிலா டங்ஸ்டன் கார்பைடைச் சூட்டோட அதிவேகமாத் தெளிச்சுப் பூசறாங்க, ஹெச்.வி.ஓ.எஃப். முறை. நல்லாவே வேலை செய்யுது. ஆனா அந்தப் பூச்சைத் தெளிக்கிற கருவி நேராப் பார்க்கிற இடத்துலதான் பூசும். குறுகலான குழலுக்குள்ள நுழையாது. அதனால குழலுக்கு இன்னும் டேங்க்தான், டேங்க் இருக்கிறவரைக்கும் ரின்ஸ்தான்.

பழைய வெடிமருந்தை ஒழிக்கிறது தனிக் கதை. லூசியானாவுல கேம்ப் மிண்டன்ல 2012 அக்டோபர்ல ஒரு பங்கர் வெடிச்ச பிறகுதான், அங்க சுமார் 7,000 டன் எம்6 உந்துமருந்து கேக்க ஆளில்லாமக் கிடந்தது வெளிய தெரிஞ்சது. திறந்தவெளியில எரிச்சிடலாம்னாங்க. ஊர்க்காரங்க விடல. கடைசியில மூடின அறைக்குள்ள எரிச்சு, புகையை வடிகட்டி, 2017-ல் முடிச்சாங்க. முடியாது, செலவு தாங்காதுன்னு சொன்னது முடிஞ்சது. ஏன் முடிஞ்சது? கேள்வி கேட்டாங்க. அங்க கேட்டவங்களை யாரும் கைக்கூலின்னு சொல்லியிருக்க மாட்டாங்கன்னு நான் நினைக்கல, சொல்லித்தான் இருப்பாங்க. எல்லா ஊர்லயும் அந்த வார்த்தை மலிவுதான்.

"பாதுகாப்பு ரகசியம், இதையெல்லாம் வெளிய சொல்ல முடியாது"ன்னு எழுதின அந்த ஓய்வுபெற்ற பெரியவருக்கு: ஐயா, குழலோட அளவை நான் கேக்கல. ஸ்லட்ஜோட, அதாவது அந்தப் பச்சைக் கேக்கோட, எடையைத்தான் கேட்டேன். சாதாரணப் பட்டறைக்காரன் அபாயக் கழிவை அனுப்பும்போது எங்க எவ்வளவு போகுதுன்னு படிவம் 10 போட்டுத்தானே அனுப்புறான்? அவன்கிட்ட ரகசியம்னா விடுவாங்களா? சென்னை, கோவை, ஓசூர், சேலம், திருச்சின்னு அஞ்சு ஊரைச் சேர்த்துப் பாதுகாப்புத் தொழில் வழித்தடம்னு சொல்றோம். பூச்சு வேலையெல்லாம் பெரிய ஆலைக்குள்ளயே நடக்கும்னா நினைக்கிறீங்க? வெளிய ஜாப் ஒர்க்காவும் போகும். பேனர் பெரிய கேட்ல தொங்கும், பச்சைக் கேக்கு யாரோ ஒருத்தரோட தகரக் கொட்டகையில கிடக்கும்.

எனக்கு உண்மையிலேயே வலிக்கிறது இதுதான். ராத்திரி ஷிஃப்டுல ஒரு பையன் பி.எச். மீட்டரையும் கையில கண்ணாடிக் குடுவையையும் வச்சுக்கிட்டு, மஞ்சள் போச்சான்னு பல்பு வெளிச்சத்துல தூக்கித் தூக்கிப் பார்க்கிறான். மெட்டாபைசல்ஃபைட் நெடியில கண்ணு எரியும். பசுமை வேலைன்னு அந்த ஆலையில ஒண்ணு நடந்தா அது அங்கதான் நடக்குது. அவனை யாராவது படம் எடுத்தீங்களா? பெரும்பாலும் அவன் கான்ட்ராக்ட்டுல இருப்பான், மூணு மாசத்துக்கு ஒருமுறை ஆள் மாறும், கத்துக்கிட்டவன் போயிடுவான், புதுசா வந்தவன் மறுபடி பி.எச். 4-லேயே நிறுத்துவான்.

"ஒரு மரக்கன்றுக்கு இவ்வளவு நீளமா"ன்னு கமென்ட் வரும்னு தெரியும். அதனால கேள்வியைச் சுருக்கிடறேன். குரோமிக் ஆசிட் எடையில 52 சதவீதம் குரோமியம். போன வருஷம் வாங்கினது எத்தனை கிலோ, கையிருப்பும் பாத்துல இருக்கிறதும் எத்தனை, ஜாப்ல படிஞ்சது எத்தனை, ஸ்லட்ஜா லாரி ஏறினது எத்தனை. நூறு கிலோ வாங்கியிருந்தா 52 கிலோவுக்குக் கணக்கு வரணும். மத்ததெல்லாம் சேர்ந்து நாப்பதுதான் வருதுன்னா, அந்த 12 கிலோ எங்கன்னு கன்று நட்ட கையாலயே கமென்ட்ல எழுதுங்க. பதில் வர்ற வரைக்கும் இந்தப் பதிவை நான் எடுக்கப் போறதில்ல.