யாருடைய பிராரப்தம்?

ஞாயிறு மாலை மயூர் விஹார் பஜனை முடிந்து சுண்டல் கொடுக்கும்போது நடந்ததைப் பலரும் எழுதிவிட்டீர்கள். மூன்று நாள் வாயைத் திறக்காமல் இருந்தேன். நேற்று ஒருவர் "சாஸ்திரத்தில் உள்ளதைத்தானே சொன்னார்" என்று எழுதியதைப் பார்த்த பிறகு முடியவில்லை.

வாரத்துக்கு மூன்று நாள் பிள்ளையை டயாலிசிஸுக்கு அழைத்துப் போகும் ஒரு தாயிடம், பத்துப் பேர் நடுவில், "எல்லாம் அவன் பிராரப்தம், போன ஜென்மத்தில் என்ன பண்ணினானோ" என்றார் ஒரு பெரியவர். அது சாஸ்திரம் இல்லை. அந்த வார்த்தைக்கு அந்த அர்த்தமே கிடையாது.

பிரித்துப் பாருங்கள். ப்ர, ஆ என்று இரண்டு முன்னொட்டு, ரப் என்ற தாது, அதாவது வினைவேர். 'தொடங்கிவிட்டது' என்று பொருள், அவ்வளவுதான். டெல்லியில் இருக்கும் நமக்கு இது புரியாமல் போக வழியே இல்லை. இந்தியில் தினமும் காதில் விழும் 'ப்ராரம்ப்' இதே தாதுதான். சேர்ந்து கிடக்கும் வினை சஞ்சிதம். அரசாங்க வேலை பார்த்தவர்களுக்குத் தெரியும், இந்தியாவின் தொகுப்பு நிதிக்கு இந்தியில் 'சஞ்சித் நிதி' என்றே பெயர். சஞ்சிதத்தில் பலன் தரத் தொடங்கிய பகுதி பிராரப்தம். இனி வரப்போவது ஆகாமி. 'ஆகாமி சுனாவ்' என்று செய்தியில் சொல்கிறார்களே, அதே சொல். தூணியில் இருக்கும் அம்பு, கையை விட்டுப் போன அம்பு, நாணில் ஏற்றுகிற அம்பு என்று உவமை சொல்வார்கள்.

இதில் தண்டனை எங்கே இருக்கிறது? யோக சூத்திரம் 2.13 வினையின் விளைவை மூன்றாகச் சொல்கிறது: பிறப்பு, ஆயுள், அனுபவம். அடுத்த சூத்திரம் அவை இன்பமும் தரும், துன்பமும் தரும் என்கிறது. அப்படியானால் அந்தப் பிள்ளைக்கு அப்படி ஓர் அம்மா கிடைத்ததும் பிராரப்தம்தான். அதை ஏன் ஒருவரும் சொல்லவில்லை?

வேதாந்தத்தில் இந்தச் சொல்லுக்கு வேலையே வேறு. ஞானம் வந்தால் வினை எல்லாம் எரிந்துபோகும் என்றால், ஞானியின் உடம்பு அந்த நிமிஷமே ஏன் விழவில்லை? இந்தக் கேள்விக்குத்தான் பதில் தேடினார்கள். பலன் தரத் தொடங்காத வினைகள் மட்டுமே அழியும் என்கிறது பிரம்ம சூத்திரம் 4.1.15. சங்கரர் குயவன் சக்கரத்தைக் காட்டுகிறார்: சுற்றிவிட்டது வேகம் தீரும்வரை சுற்றும். ஞானியின் உடம்பை விளக்க வந்த சொல்லைத் தூக்கி ஒரு நோயாளிக் குழந்தையின் தலையில் வைத்திருக்கிறோம்.

"அப்போ முன்வினையே இல்லை என்கிறீர்களா?" நான் அப்படிச் சொல்லவில்லை. இருக்கிறது என்று நம்புகிறவன்தான். ஆனால் பலனைப் பார்த்து, இன்ன பாவம் செய்திருப்பான் என்று கணக்குப் போட உங்களுக்கு யார் அதிகாரம் கொடுத்தது? 'கஹனா கர்மணோ கதி:', கர்மத்தின் போக்கு ஆழம் காண முடியாதது என்று கீதையில் (4.17) கண்ணனே சொல்கிறான். அதே கீதை 18.14இல் ஒரு செயலுக்கு ஐந்து காரணம் சொல்கிறது. உடல், செய்பவன், கருவிகள், பலவகை முயற்சிகள், இந்த நான்குக்கும் பிறகு ஐந்தாவதாகத்தான் தைவம், அதாவது விதி. ஆயுர்வேத நூலான சரக சம்ஹிதை விமான ஸ்தானம் 3ஆம் அத்தியாயத்தில் சீடன் அக்னிவேசன் கேட்கிறான், ஆயுள் முன்பே முடிவாகிவிட்டதா என்று. தைவமும் முயற்சியும் சேர்ந்ததுதான் ஆயுள், வலுவான முயற்சி வலுவில்லாத தைவத்தை வெல்லும் என்கிறார் குரு ஆத்ரேயர். எல்லாம் விதித்தபடிதான் என்றால் மருத்துவ நூல் எதற்கு?

"பெரியவர், ஆறுதலாகச் சொன்னார்." ஆறுதல் அப்படி இருக்காது. துன்பப்படுகிறவரிடம் கருணை என்று யோக சூத்திரம் 1.33 ஒரே வார்த்தையில் முடித்துவிட்டது.

"சமஸ்கிருதம் படித்த திமிர்" என்று ஒருவர். அவருக்குப் பதில் இல்லை.

கரோல் பாகில் ஒரு பாட்டி இருந்தார். பள்ளிக்கூடம் போனதில்லை. முழங்கால் வலித்தால் "என் பிராரப்தம்" என்பார். அந்தச் சொல்லை அடுத்தவருக்கு அவர் சொல்லி யாரும் கேட்டதில்லை. யாராவது அழுதுகொண்டு வந்தால் "முதல்ல உக்காரு, சாப்பிட்டியோ?" என்பார். பிராரப்தம் தன்னைப் பற்றி மட்டும் சொல்லிக்கொள்ளும் சொல் என்று அவருக்குத் தெரிந்திருந்தது.

குழந்தை பிறக்கவில்லையா, அவள் கர்மா. புருஷன் போய்விட்டானா, அவள் கர்மா. பிள்ளைக்குச் சிறுநீரகம் போனாலும் கடைசியில் அம்மாதான் தலைகுனிந்து நிற்கிறாள். எத்தனை வருஷமாக இதையே சொல்லிக்கொண்டிருக்கிறோம்! தொன்னையில் இருந்த சுண்டலை வாயில் வைக்காமல் அந்த அம்மா படியிறங்கிப் போனதை நீங்களும் பார்த்தீர்கள். ஒருவர்கூடப் பின்னால் போகவில்லை. நானும் போகவில்லை.

அடுத்த வாரம் வரமாட்டேன் என்று சொல்லிவிட்டாராம். டயாலிசிஸ் செவ்வாய், வியாழன், சனி, காலை ஆறு மணிக்குக் கிளம்ப வேண்டும். சனிக்கிழமை வண்டியோடு நான் போகிறேன். மற்ற இரண்டு நாளுக்கும் ஆள் வேண்டும். முடிந்தவர்கள் உள்பெட்டியில் சொல்லுங்கள்.