ஒரே படத்தோடு மறைந்தவர் அல்லர்
‘தி இயர்லிங்’ (1946) படத்துக்காகச் சிறார்க்கான சிறப்பு ஆஸ்கர் பெற்ற ஹாலிவுட் சிறுவர் நடிகர் கிளாட் ஜார்மன் ஜூனியர், அந்த ஒரே படத்தோடு வாய்ப்பிழந்து மறைந்துபோனார் என்று, வாழ்விழந்த குழந்தை நட்சத்திரங்களைப் பற்றிய பதிவொன்றில் எழுதியிருப்பது சரியன்று. நாஷ்வில் நகரப் பள்ளியொன்றில் இயக்குநர் கிளாரன்ஸ் பிரவுன் கண்டெடுத்த அச்சிறுவர், 1949-இல் அதே இயக்குநரின் ‘இன்ட்ரூடர் இன் தி டஸ்ட்’ படத்திலும், 1950-இல் ஜான் ஃபோர்டின் ‘ரியோ கிராண்டே’ படத்தில் ஜான் வெய்னின் மகனாகவும் நடித்தார். பின்னதில், இரண்டு குதிரைகளின் முதுகில் குதிரைக்கொரு காலூன்றி நின்றபடி ஓட்டும் வித்தையைத் தாமே பயின்று செய்தார் என்பதை ரசிகர்கள் அறிந்திருக்க வேண்டும். திரைவாழ்வு குறுகியதுதான், 1950-களின் நடுப்பகுதிக்குப் பின் ஏறக்குறைய முடிந்துவிட்டது. ஆயினும் பின்னாளில் சான் பிரான்சிஸ்கோ சர்வதேசத் திரைப்பட விழாவைப் பல்லாண்டுகள் தலைமையேற்று நடத்தியவரை, அந்நட்சத்திரங்களின் வரிசையில் சேர்த்திருப்பது வருத்தமளிக்கிறது. அவ்வரியைத் திருத்திவிடுமாறு கேட்டுக்கொள்கிறேன்.