அந்தக் கருப்பு முக்காடு பார்பரா ஸ்டீல் இல்லைங்க

மேலே ஒருவர் 1971-ல் வந்த ஸ்பானிஷ் பேய்ப்படம் 'லா நோச்சே தெ வால்புர்கிஸ்' ஸ்டில்லைப் போட்டு, ரத்தக்காட்டேரிச் சீமாட்டியாக வருவது பார்பரா ஸ்டீல் என்று எழுதியிருக்கிறார், கீழே வரிசையாக ஆமாம் சாமிகள். ஸ்டீல் அந்தப் படத்திலேயே இல்லை. அது பேட்டி ஷெப்பர்ட் (பேட்டி என்றால் நேர்காணல், பாட்டி என்றால் கிழவி, பாவம் தமிழில் இவருக்குப் பெயரே சரியாக அமையவில்லை).

குழப்பம் புரிகிறது. அதே பெரிய கண்கள், அதே கருங்கூந்தல். ஆனால் ஸ்டீல் இங்கிலாந்துக்காரர், 1960-ல் மாரியோ பாவாவின் இத்தாலியப் படத்தில் பெயர் வாங்கியவர். ஷெப்பர்ட் 1945-ல் அமெரிக்காவின் தென் கரோலினாவில் பிறந்து, இளவயதிலேயே ஸ்பெயினுக்குப் போய் அங்கேயே நடித்து, நடிகர் மனுவேல் தெ பிளாஸை மணந்து, 2013-ல் மாட்ரிட்டில் இறந்தவர். இந்தப் படத்துக்கு முந்தைய வருடமே ஸ்பானிஷ் பேய்ப்பட நடிகர் பால் நாஷியோடு 'லோஸ் மோன்ஸ்த்ருவோஸ் தெல் தெரோர்' படத்திலும் இருந்தார்.

அப்புறம், "சும்மா நிற்கிற வேடம்தானே" என்று இன்னொருவர். சீமாட்டியின் கல்லறையைத் திறந்த ஒரு பெண், பிணத்தின் மேலிருக்கும் வெள்ளிச் சிலுவையைப் பிடுங்கும்போது கையைக் கிழித்துக்கொள்வாள், ரத்தம் சொட்டிப் பிணத்தின் வாயில் விழும். அதற்குப் பிறகு ஷெப்பர்ட் ஸ்லோ மோஷனில், தரையில் கால் படாத மாதிரி மிதந்து வருவதைப் பாருங்கள். வசனமே வேண்டாம். இயக்குநர் லியோன் கிளிமோவ்ஸ்கி பல் மருத்துவம் படித்தவர் என்பதால் கோரைப்பல் மட்டும் கச்சிதமாக இருக்கிறதோ என்னவோ!