மீட்டர்ஸ் ஆல்பங்களும் லாஸ்லெஸ் என்ற முத்திரையும்

நியூ ஆர்லியன்ஸின் ஃபங்க் இசைக்குழுவான தி மீட்டர்ஸ் 1969 முதல் 1977 வரை வெளியிட்ட எட்டு ஆல்பங்களையும், டிஜேக்களுக்கான லாஸ்லெஸ் (ஒலியில் எதையும் இழக்காத) தொகுப்பு என்ற விளம்பரத்தை நம்பி, சென்ற ஆண்டு ஓர் இணையக் கடையில் மொத்தமாக வாங்கினேன். எல்லாம் ஃபிளாக் கோப்புகள், அதாவது ஒலியை இழப்பின்றிச் சுருக்கும் வகை. அட்டைப் படங்கள்கூட ஒழுங்காக இருந்தன. வீட்டில் ஹெட்ஃபோனில் கேட்டபோது குறை எதுவும் தெரியவில்லை. ஒரு விழாவில் பெரிய ஸ்பீக்கர்களில் 'சிஸ்ஸி ஸ்ட்ரட்' போட்டபோதுதான் ஹை-ஹேட் என்ற ஜோடித் தட்டுகளின் ஓசை உலோகமாக ஒலிக்காமல், ஈரத்துணியை உதறுவதுபோல் சளசளத்தது.

அன்றிரவே, ஒலியின் அதிர்வெண்களை வண்ணப் படமாகக் காட்டும் ஸ்பெக் மென்பொருளில் கோப்பைத் திறந்தேன். 16 கிலோஹெர்ட்ஸ் வரை வண்ணம். அதற்கு மேலே அளவுகோல் வைத்துக் கோடு கிழித்ததுபோல் முழுக் கறுப்பு. பழைய டேப்பில் உயர்ந்த அதிர்வெண்கள் மெல்ல மெல்லத் தேயுமே தவிர, இப்படிச் சுவர் எழுப்பியதுபோல் நிற்காது. ஒலியின் ஒரு பகுதியை வெட்டியெறிந்து சுருக்கும் 128 கிலோபிட் எம்.பி.3 கோப்பு ஒன்றை ஃபிளாக்காக மாற்றியிருக்கிறார்கள் என்பதற்கு வேறு சான்று தேவையில்லை. சக்கையைக் கட்டி வைத்தால் கரும்பாகிவிடுமா? ஃபிளாக் கோப்புக்குள்ளேயே ஒரு சரிபார்ப்பு எண் உண்டு. ஆனால் அது கோப்பு பழுதாகவில்லை என்று சொல்லுமே ஒழிய, அதன் பூர்வீகத்தைச் சொல்லாது. விற்றவரிடம் கேட்டதற்கு, ஃபிளாக் என்றாலே லாஸ்லெஸ்தான் என்று பதில் வந்தது.

வீட்டில் உட்கார்ந்து கேட்பவருக்கு 320 கிலோபிட் எம்.பி.3 தாராளமாகப் போதும் என்பதை ஒப்புக்கொள்கிறேன். கண்ணை மூடிக்கொண்டு ஒப்பிட்ட சோதனையில் நானே தோற்றிருக்கிறேன். டிஜேயின் நிலை வேறு. பாட்டின் வேகத்தைக் குறைத்துச் சுருதியை மட்டும் கீ லாக் மூலம் நிறுத்தி வைக்கும்போது, கருவி ஒலியைச் சிறு துண்டுகளாக வெட்டி ஒட்டுகிறது. அதன் மேல் ஈக்யூவில் ட்ரெபிளையும் (உயர்ந்த ஒலிகளையும்) ஏற்றி, நான்கு பார்களைத் (தாளச் சுற்றுகளைத்) திரும்பத் திரும்பச் சுழலவிட்டால், எம்.பி.3 மறைத்து வைத்த காயங்கள் ஒவ்வொன்றாக வெளியே வரும்.

அதிலும் மீட்டர்ஸ் இரக்கமில்லாத குழு. ஜோசி நிறுவனத்தில் வெளியான முதல் மூன்று ஆல்பங்களில் ஆர்ட் நெவிலின் ஆர்கன், லியோ நொசென்டெல்லியின் கிட்டார், ஜார்ஜ் போர்ட்டரின் பேஸ், ஜிகபூ மாடலிஸ்டின் டிரம்ஸ் ஆகிய நான்கை விட்டால் பெரும்பாலும் வேறொன்றும் இல்லை. ஒரு அடிக்கும் அடுத்த அடிக்கும் இடையிலுள்ள வெற்றிடம்தான் அவர்களுடைய இசை. அந்த வெற்றிடத்தில் குறை ஒளிந்துகொள்ள இடமே கிடையாது. 1974-இல் வந்த 'ரிஜுவினேஷன்' ஆல்பத்தில் குரல்களும் ஊதுகருவிகளும் சேர்ந்துவிடுவதால், அங்கே ஓரளவு தப்பிக்கலாம்.

டிஜேக்களுக்கு வசதி என்று சொல்லி, டெம்போவை (தாள வேகத்தை) நேராக்கி விற்கும் பதிப்புகளையும் நான் தொடுவதில்லை. மாடலிஸ்டின் கை சற்றே முந்தும், சற்றே பிந்தும். அடிகள் விழும் இடங்களைக் குறிக்க மென்பொருள் தானாகப் போடும் பீட்கிரிட் சில பார்களிலேயே விலகிப்போனால் அதைக் கையால் திருத்திக்கொள்வது நம் வேலை. இரு பாட்டுகளின் தாளத்தைத் தானாக இணைக்கும் சிங்க் பொத்தானுக்காக அந்தத் தள்ளாட்டத்தை இஸ்திரி போட்டுவிட்டால் மிஞ்சுவது என்ன?

இன்னொன்று, மறுபதிப்புகளின் ஒலியளவு. சத்தத்தைக் கூட்டுவதற்காக, உரத்த ஒலிக்கும் மெல்லிய ஒலிக்கும் உள்ள வித்தியாசம் நசுக்கப்பட்ட ரீமாஸ்டரை லாஸ்லெஸ்ஸாகச் சேமித்தால், அந்த நசுக்கலும் பிசகாமல் சேமிக்கப்படும். ஆகவே எந்த ஆண்டின் பதிப்பு என்பதைக் கோப்பின் தகவல் குறிப்பான டேக்கில் எழுதி வைக்கிறேன்.

இப்போது பழைய சி.டி.க்களை ஒவ்வொன்றாக வாங்கி நானே ரிப் செய்கிறேன், அதாவது கணினிக்குள் பிரதியெடுக்கிறேன். ஃபிளாக் வீட்டுக் கணினியின் வன்வட்டில் இருக்கும். பென் டிரைவுக்கு, சுருக்கப்படாத ஒலிக்கோப்பு வகையான ஏ.ஐ.எஃப்.எஃப். ஆக மாற்றிக்கொள்வேன், ஏனெனில் சிடிஜே-2000 நெக்ஸஸ் போன்ற பழைய டிஜே பிளேயர்கள் ஃபிளாக்கைப் படிப்பதில்லை. எட்டில் ஆறு சேர்ந்துவிட்டன. 'ட்ரிக் பேக்', 'நியூ டைரக்‌ஷன்ஸ்' இரண்டும் நியாயமான விலையில் யாரிடமாவது இருந்தால் சொல்லுங்கள், சி.டி.யாக மட்டும்.