'லிங்கனின் நண்பர்' மட்டும்தானா?

ஜெர்மனியிலிருந்து அமெரிக்கா போய் அரசியல்வாதியான குஸ்டாவ் கோர்னர் பற்றி ஒரு கட்டுரை படித்தேன். அது அவரை அமெரிக்க அதிபர் 'லிங்கனின் ஜெர்மன் நண்பர்' என்று அறிமுகப்படுத்திவிட்டு, நேராக லிங்கன் அதிபர் தேர்தலில் வென்ற 1860-க்குத் தாவிவிடுகிறது. எனக்கு அதற்கு முந்தைய கதைதான் பிடிக்கும்.

1833 ஏப்ரலில் பிராங்க்பர்ட் காவல் நிலையங்களைத் தாக்கிப் புரட்சி தொடங்க முயன்ற சிறு கூட்டத்தில் அவரும் ஒருவர். முயற்சி அன்றிரவே பிசுபிசுத்தது. காயத்தோடு தப்பி, அதே ஆண்டு அமெரிக்கா போய்ச் சேர்ந்தார். அங்குள்ள மிசூரி மாநிலம் வளமான பூமி என்று ஜெர்மனியில் பெரிய பேச்சு. போய்ப் பார்த்தார். அங்கே அடிமைமுறை இருந்தது, வேண்டாம் என்று இல்லினாய்ஸின் பெல்வில்லில் குடியேறினார். ஏர் பிடிக்கத் தெரியாத படிப்பாளிகள் அங்கே நிறைய. ஊரார் அவர்களுக்கு வைத்த பெயர் 'லத்தீன் விவசாயிகள்'. செல்லமா, கிண்டலா? இரண்டும்தான்!

ஹைடெல்பெர்க்கில் சட்டம் முடித்தவர், கென்டக்கியில் மறுபடி மாணவராக உட்கார்ந்து அமெரிக்கச் சட்டம் படித்தார். அப்புறம் வழக்கறிஞர், சட்டமன்ற உறுப்பினர், மாநில உச்ச நீதிமன்ற நீதிபதி, 1853-இல் துணை ஆளுநர். அந்தப் பதவியில் இருக்கும்போதே, அடிமைமுறை மேற்கே பரவ வழிவிட்ட கான்சாஸ்-நெப்ராஸ்கா சட்டத்தை எதிர்த்துச் சொந்தக் கட்சியான ஜனநாயகக் கட்சியோடு மோதினார். கட்டுரை இதை ஒரு வரியில் கடந்தது சரியில்லை. அமெரிக்காவில் குடியேறிய ஜெர்மன் வாக்காளர்கள் லிங்கனின் குடியரசுக் கட்சிப் பக்கம் சாய்ந்ததில் அவருக்குப் பெரிய பங்கு உண்டு.

லிங்கன் அவரை ஸ்பெயினுக்குத் தூதராக அனுப்பினார். 1872-இல் இல்லினாய்ஸ் ஆளுநர் தேர்தலில் நின்று, குடியரசுக் கட்சி வேட்பாளர் ஓக்லெஸ்பியிடம் தோற்றதையும் சேர்த்திருக்கலாம்.